திக்கால்: மழையைப் பிடித்து வைத்து வாழ்ந்த காட்டு நகரம்

மெக்சிகோவுக்குத் தெற்கே ஒட்டியிருக்கும் நாடு குவாத்தமாலா. அதன் வடபகுதி முழுக்கப் பெத்தேன் என்ற காட்டு மாவட்டம். அந்தக் காட்டுக்குள்தான் மாயா மக்களின் பழைய தலைநகரங்களில் ஒன்றான திக்கால் இருக்கிறது. உலகம் முழுவதிலிருந்தும் இங்கே வருகிறவர்கள் கோபுரங்களைப் பார்க்கத்தான் வருகிறார்கள். ஆனால், மண்ணோடும் தண்ணீரோடும் பழகிய ஒருவர் இங்கே ஒருநாள் சுற்றினால், அவர் கண்ணுக்குக் கோபுரத்தைவிடப் பெரிதாகத் தெரிவது வேறொன்று. ஆறே இல்லாத, கிணறு தோண்டினாலும் தண்ணீர் எட்டாத ஓர் இடத்தில், பல்லாயிரம் பேர் ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக எப்படி வாழ்ந்தார்கள் என்பதுதான் அது.

அதிகாலையில் கிளம்பும் வண்டிகள்

திக்காலுக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் ஃப்ளோரெஸ் என்ற ஊரில் தங்குகிறார்கள். பெத்தேன் இட்சா என்ற பெரிய ஏரிக்குள் இருக்கும் சின்னத் தீவு அது. கரையோடு ஒரு சாலை அதை இணைக்கிறது. இந்தத் தீவும் சாதாரண இடமல்ல. இட்சா மாயர்களின் தலைநகரம் இங்கேதான் இருந்தது. ஸ்பானியர்களுக்கு அடங்காமல் கடைசிவரை நின்ற மாயா அரசு இது. 1697-ல்தான் வீழ்ந்தது.

ஃப்ளோரெஸிலிருந்து திக்கால் சுமார் 65 கிலோமீட்டர். சிறு வேன்கள் விடிவதற்கு முன்பே கிளம்பிவிடுகின்றன. ஒன்றரை மணி நேரப் பயணம். வழியில் ஏரிக்கரை, மாட்டுப் பண்ணைகளின் புல்வெளி, மக்காச்சோளக் கொல்லைகள். தேசியப் பூங்காவின் வாசலைத் தாண்டியதும் காட்சி சட்டென மாறுகிறது. இருபுறமும் அடர்ந்த காடு. சிறுத்தையை ஒத்த ஜாகுவார், பாம்பு, காட்டு வான்கோழி ஆகியவை சாலையைக் கடக்கும் என்று படம் போட்ட எச்சரிக்கைப் பலகைகள். 1955-ல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட இந்த இடத்தின் பரப்பு 57,600 ஹெக்டேர். 1979-ல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியச் சின்னமாக ஏற்றது.

வாசலில் நிற்கும் இலவம் மரம்

நுழைவுப் பாதையில் எல்லோரும் நின்று அண்ணாந்து பார்ப்பது ஒரு பெரிய மரத்தை. வழிகாட்டிகள் அதைச் 'செய்பா' என்கிறார்கள். குவாத்தமாலாவின் தேசிய மரம். நம் ஊர் இலவம் பஞ்சு மரமும் இதே இனம்தான். மாயர்களுக்கு அது உலகத்தின் நடுத்தூண். வேர் பாதாளத்தில், அடிமரம் மண்ணில், கிளைகள் வானத்தில் என்று மூன்று உலகத்தையும் அது தாங்குவதாக நம்பினார்கள். இன்றும் பல இடங்களில் காட்டை வெட்டும்போது இந்த மரத்தை மட்டும் விட்டுவைக்கிறார்கள்.

இலவத்தைத் தாண்டி உள்ளே நடந்தால், தெரிந்த முகங்கள் அடுத்தடுத்து வருகின்றன. காட்டில் பெரிய மரங்களில் பல, சப்போட்டா. அது தென்மெக்சிகோவும் மத்திய அமெரிக்காவும் கொடுத்த மரம். 'சப்போட்டா' என்ற சொல்லே அந்தப் பக்கத்து மொழியிலிருந்து ஸ்பானிஷ் வழியாக வந்ததுதான். கொய்யா, பப்பாளி, மிளகாய், மக்காச்சோளம் எல்லாம் அமெரிக்கக் கண்டத்தில் மனிதர்கள் பழக்கிய பயிர்கள். ஐரோப்பியர்கள் கடல்வழி கண்டபிறகுதான் அவை இந்தியாவுக்கு வந்தன.

தரையில் பார்த்தால் எறும்புச் சாரை. ஒவ்வோர் எறும்பின் தலைக்கு மேலும் ஒரு துண்டு பச்சை இலை. இலைவெட்டி எறும்புகள் இந்த இலையைத் தின்பதில்லை. புற்றுக்குள் கொண்டுபோய் மென்று மக்கவைத்து, அதன்மேல் ஒருவகைப் பூஞ்சையை வளர்த்து, அதைத்தான் சாப்பிடுகின்றன. மனிதன் ஏர்பிடிப்பதற்குப் பல லட்சம் ஆண்டுகள் முன்பே விவசாயம் தொடங்கிய கூட்டம் இது. மரத்தின் மேலிருந்து புலி உறுமுவதுபோல் ஒரு சத்தம் கேட்டால் பயப்பட வேண்டியதில்லை. அது ஊளைக் குரங்கு. உருவம் சிறியது, குரல் மட்டும் சில கிலோமீட்டர் கேட்கும்.

கோபுரமும் முற்றமும்

அரைமணி நேரம் நடந்தால் பெரிய முற்றம். கிழக்கே முதல் கோயில், மேற்கே இரண்டாம் கோயில், வடக்கே அரசர்களின் சமாதிகள், தெற்கே அரண்மனைத் தொகுதி. முதல் கோயிலின் உயரம் சுமார் 47 மீட்டர். ஹசாவ் சான் கவீல் என்ற அரசரின் சமாதி அதற்கு அடியில் இருக்கிறது. கோயில் எழுந்தது கி.பி. 730-களில். இதன்மேல் ஏற இப்போது அனுமதியில்லை. அவருடைய மகன் காலத்தில், 741-ஐ ஒட்டி எழுந்தது நான்காம் கோயில். சுமார் 65 மீட்டர். பக்கவாட்டில் மரப்படி போட்டிருக்கிறார்கள். மேலே ஏறி உட்கார்ந்தால், கண்ணுக்கெட்டும் தூரம்வரை பச்சைக் காடு. அதற்குள்ளிருந்து மூன்று நான்கு கோபுர உச்சிகள் மட்டும் எட்டிப்பார்க்கின்றன.

இரும்புக் கருவி இல்லை. பாரம் இழுக்கும் மாடோ குதிரையோ இல்லை. சக்கர வண்டியும் இல்லை. கல் உளியும் மனிதத் தோளும் மட்டும் கொண்டு கட்டியவை இவை. வாசல்களுக்கு மேலே உத்தரமாகப் போட்டது சப்போட்டாக் கட்டை. நான்காம் கோயிலின் சிற்ப வேலைப்பாடு கொண்ட உத்தரங்கள் இன்று சுவிட்சர்லாந்தின் பாசெல் நகர அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. 1,200 ஆண்டுகளுக்கும் மேல் ஆகியும் செதுக்கல் அழியவில்லை என்றால் அந்த மரத்தின் வைரத்தைப் புரிந்துகொள்ளலாம்.

இதில் இன்னொரு செய்தியும் இருக்கிறது. உத்தரங்களை ஆராய்ந்தவர்கள், 741-க்குப் பிறகு வந்த கட்டடங்களில் சப்போட்டாவுக்குப் பதில் செதுக்கக் கடினமான, ஒல்லியான வேறொரு மரம் வந்திருப்பதைக் கண்டார்கள். பெரிய சப்போட்டா மரங்கள் அருகில் தீர்ந்துபோயிருக்க வேண்டும். கோபுரம் உயர உயர, காடு குறைந்தது. அதற்கு மரத்தேவை மட்டும் காரணமல்ல. முற்றங்களுக்கும் சுவர்களுக்கும் பூசிய சுண்ணாம்பைச் சுடுவதற்கும் விறகு வேண்டியிருந்தது.

பள்ளங்கள் சொல்லும் கதை

வழிகாட்டி இல்லாமல் வருகிறவர்கள் கவனிக்காமல் கடந்துவிடுவது அரண்மனைத் தொகுதிக்குப் பின்னால் இருக்கும் பெரிய பள்ளத்தை. மரமும் கொடியும் மூடிய வெறும் பள்ளம்போலத் தெரியும். திக்காலின் உயிர் இருந்தது அங்கேதான்.

இந்தப் பகுதி முழுக்கச் சுண்ணாம்புப் பாறை. பெய்யும் மழை விரிசல் வழியே இறங்கி ஓடிவிடும். நிலத்தடி நீர் மிக ஆழத்தில். மழை போதுமான அளவு பெய்யும், ஆனால் மே முதல் டிசம்பர் வரைதான். ஜனவரியிலிருந்து ஏப்ரல் வரை நான்கு மாதம் வறட்சி. அந்த நான்கு மாதத்தைத் தாண்டுவதற்காக ஊரையே ஒரு நீர்ப்பிடிப்புப் பகுதியாக அவர்கள் அமைத்தார்கள்.

பெரிய முற்றத்தின் தரை வெறும் அலங்காரம் அல்ல. கெட்டியாகச் சுண்ணாம்புச் சாந்து பூசி, ஒரு பக்கமாக மெல்லச் சரித்திருக்கிறார்கள். கோயில் படியிலும் கூரையிலும் முற்றத்திலும் விழுந்த மழை ஒரு சொட்டும் மண்ணுக்குள் போகாமல் வரத்துக்கால் வழியே குளத்தில் சேர்ந்தது. கோபுரம் கட்டக் கல் எடுத்த பள்ளங்களே குளங்களாயின. நகரத்தின் மையத்தில் இப்படி மழையைப் பிடித்த பரப்பு 62 ஹெக்டேர் என்று ஆய்வாளர்கள் அளந்திருக்கிறார்கள். அதாவது, சுமார் 153 ஏக்கர். ஓர் ஏக்கரில் ஒரு சென்டிமீட்டர் மழை பெய்தால் ஏறத்தாழ 40,000 லிட்டர். ஆண்டுக்கு 150 சென்டிமீட்டர் மழை என்று வைத்தால், இந்த 153 ஏக்கரில் விழுவது 90 கோடி லிட்டருக்கும் மேல்.

குளங்கள் படிப்படியாக அமைந்தவை. மேட்டில் அரண்மனையையும் கோயிலையும் ஒட்டிய குளங்கள். அதற்குக் கீழே குடியிருப்புகளின் குளங்கள். கடைசியாக, தாழ்வான சதுப்பு நிலத்தின் ஓரத்தில் பெரிய குளங்கள். மேலே நிறைந்து வழிந்தது கீழே சேர்ந்தது. அடிமட்டக் குளங்களின் நீர் வயல்களுக்குப் பாய்ந்திருக்க வேண்டும் என்பது ஆய்வாளர்களின் கணிப்பு.

அரண்மனைக் குளத்தின் கரையை 2012-ல் வெளியான ஓர் ஆய்வு விவரித்தது. கல்லும் மண்ணும் சேர்த்துக் கட்டிய அணை. 80 மீட்டர் நீளம், 10 மீட்டர் உயரம். சுமார் 7.5 கோடி லிட்டர் தேங்கும். வெவ்வேறு உயரத்தில் தண்ணீரைத் திறந்துவிட மதகு வைத்ததற்கான அடையாளங்களும் கிடைத்தன. கரையின் மேல்பகுதியைப் பாதையாகவும் பயன்படுத்தினார்கள். மாயர்கள் கட்டியதாக அறியப்பட்ட அணைகளில் இதுவே பெரியது என்று அந்த ஆய்வு சொன்னது.

2,000 ஆண்டுகளுக்கு முந்தைய வடிகட்டி

நகர மையத்திலிருந்து தள்ளியிருக்கும் கொரியென்தால் என்ற குளத்தில் கிடைத்தது இன்னும் வியப்பானது. குளத்தின் அடிமண்ணில் படிகக்கல் மணலும் சியோலைட் என்ற தாதுவும் இருந்தன. இரண்டும் அந்த இடத்து மண்ணில் இயற்கையாக இல்லை. சுமார் 30 கிலோமீட்டர் தொலைவில் உள்ள ஓரிடத்திலிருந்து சுமந்து வந்து, தண்ணீர் நுழையும் வாயில் போட்டிருக்கிறார்கள். அங்கே ஊறும் தண்ணீர் தெளிவாகவும் இனிப்பாகவும் இருப்பதை யாரோ கவனித்திருக்க வேண்டும்.

சியோலைட் என்பது நுண்துளைகள் நிறைந்த எரிமலைத் தாது. கிருமியையும் கன உலோகங்களையும் நைட்ரஜன் கழிவையும் பிடித்து வைத்துக்கொள்ளும். இறால், மீன் பண்ணைக் குட்டைகளில் அம்மோனியாவைக் குறைக்க இன்று மூட்டையாக வாங்கிப் போடுகிற அதே பொருள்தான். திக்காலில் இதை 2,000 ஆண்டுகளுக்கு முன்பே பயன்படுத்தியிருக்கிறார்கள் என்று 2020-ல் வெளியான ஆய்வு சொல்கிறது.

அரண்மனைக் குளம் நஞ்சானது எப்படி?

அதே 2020-ல் வந்த மற்றோர் ஆய்வு, கதையின் மறுபக்கத்தைச் சொன்னது. அரண்மனைக் குளம், கோயில் குளம் இரண்டின் அடிவண்டலை எடுத்துச் சோதித்தபோது, அதில் பாதரசம் ஆபத்தான அளவில் இருந்தது. அரண்மனைச் சுவர்களுக்கும் சமாதிகளுக்கும் சிவப்புச் சாயம் பூச அவர்கள் சாதிலிங்கம் பயன்படுத்தினார்கள். அது பாதரசமும் கந்தகமும் சேர்ந்த தாது. மழை பெய்யப் பெய்ய, சாயம் கரைந்து வரத்துக்கால் வழியே குளத்துக்குள் வந்து சேர்ந்தது.

இது மட்டுமல்ல. அரண்மனை அடுப்படிக் கழிவும் மற்ற அசுத்தங்களும் அதே சரிவில்தான் இறங்கின. நீரில் பாஸ்பேட் ஏறியது. பாஸ்பேட் ஏறிய தேங்கிய நீரில் என்ன நடக்கும் என்று குட்டை வைத்திருக்கிறவர்களுக்குத் தெரியும். நீலப்பச்சைப் பாசி படர்ந்தது. வயலுக்கு உரமாகும் வகை அல்ல இது. நஞ்சை உண்டாக்கும் வகை. அந்த நஞ்சு தண்ணீரைக் கொதிக்கவைத்தாலும் போகாது.

9-ம் நூற்றாண்டில் மழையும் பொய்க்கத் தொடங்கியது. ஏரி வண்டல்களில் அந்தக் காலத்து வறட்சியின் தடயங்கள் இருக்கின்றன. கோடையில் குளம் சுண்டச் சுண்ட, நஞ்சின் அடர்த்தி கூடியது. நகரத்தின் நடுவில் அரசர் குடித்த தண்ணீர்தான் அதிகம் கெட்டுப்போயிருந்தது. ஓரத்தில் இருந்த கொரியென்தால், பெர்திதோ போன்ற குளங்களில் இந்த அளவு கேடு இல்லை. மழையைத் தருவதும் தண்ணீரைக் காப்பதும் அரசனின் கடமை என்று நம்பிய மக்கள் அவர்கள். அரண்மனைக் குளமே நாறும்போது அந்த நம்பிக்கை என்ன ஆகியிருக்கும் என்று ஊகிக்கலாம். போர், காடழிப்பு, பஞ்சம் என மற்றக் காரணங்களும் சேர்ந்துகொண்டன. திக்காலில் தேதி பொறித்த கடைசிக் கல் கி.பி. 869-ஐச் சேர்ந்தது. அதன்பிறகு நகரம் மெல்ல வெறிச்சோடியது. காடு மூடிக்கொண்டது.

உள்ளூர் மக்களுக்கு இடம் தெரிந்தே இருந்தது. அரசு சார்பில் மொதேஸ்தோ மெந்தெஸ், அம்ப்ரோசியோ துத் ஆகியோர் 1848-ல் வந்து பார்த்துப் பதிவுசெய்த பிறகே வெளியுலகம் அறிந்தது. மாயர் காலத்தில் இதன் பெயர் 'முத்தல்'. 'திக்கால்' என்பது பிற்காலப் பெயர். 'நீர்நிலை இருக்கும் இடத்தில்' என்று அதற்குப் பொருள் சொல்கிறார்கள்.

போனது நகரம், விவசாயி அல்ல

மாயர்கள் மறைந்துபோனார்கள் என்று சொல்வது தவறு. குவாத்தமாலாவில் இன்றும் பல லட்சம் மாயா மக்கள் வாழ்கிறார்கள். இருபதுக்கும் மேற்பட்ட மாயா மொழிகள் அந்த நாட்டில் பேசப்படுகின்றன. திக்காலின் பெரிய முற்றத்தில் இன்றும் அவர்கள் தீ வளர்த்துச் சடங்கு செய்கிறார்கள்.

அவர்களுடைய விவசாயமும் அழியவில்லை. அதன் பெயர் 'மில்பா'. காட்டின் ஒரு துண்டை வெட்டிக் காயவைத்து, மழைக்கு முன்பு எரிக்கிறார்கள். ஏர் கிடையாது. கூர்மையான கம்பால் குழி குத்தி, குழிக்கு நான்கைந்து விதை போடுகிறார்கள். மக்காச்சோளம், அவரை, பூசணி மூன்றும் ஒரே கொல்லையில். சோளத்தட்டை அவரைக் கொடிக்குப் பந்தல். அவரை தழைச்சத்தைப் பிடித்துத் தருகிறது. பூசணி இலை தரையை மூடிக் களையையும் ஈரம் போவதையும் தடுக்கிறது. இரண்டு மூன்று ஆண்டு கழிந்ததும் நிலத்தைக் கரம்பாக விட்டுவிடுகிறார்கள். காடு திரும்ப வளர்ந்து மண்ணைத் தேற்றுகிறது.

சமையலிலும் ஒரு நுட்பம். சோளத்தைச் சுண்ணாம்புத் தண்ணீரில் வேகவைத்து ஊறவைத்து, தோல் நீக்கி அரைத்து, ரொட்டியாகத் தட்டுகிறார்கள். சுண்ணாம்பில் வெந்தால்தான் சோளத்தில் உள்ள நியாசின் என்ற வைட்டமின் உடம்பில் சேரும். ஐரோப்பியர்கள் சோளத்தைக் கொண்டுபோனார்கள், சுண்ணாம்பை விட்டுவிட்டார்கள். சோளத்தையே நம்பி வாழ்ந்த அங்குள்ள ஏழை மக்களைப் பெல்லாக்ரா என்ற நோய் தலைமுறை தலைமுறையாக வாட்டியது.

நேரம் இருக்கிறவர்கள் திக்காலிலிருந்து வடக்கே 23 கிலோமீட்டர் போனால் உவாஷாக்துன் என்ற கிராமம். அங்கேயும் பழைய கோயில்கள் உண்டு. இந்த ஊர் மக்களின் பொறுப்பில் 83,000 ஹெக்டேருக்கும் மேற்பட்ட காடு இருக்கிறது. அரசோடு ஒப்பந்தம் போட்டு, கட்டுப்பாட்டோடு மரம் வெட்டுகிறார்கள். பூ அலங்காரத்துக்கு ஏற்றுமதியாகும் 'ஷாத்தே' என்ற சிறுபனை ஓலையை அறுக்கிறார்கள். சப்போட்டா மரத்தைக் கீறிப் பால் எடுத்துக் காய்ச்சி, சூயிங்கம்முக்கு விற்கிறார்கள். ஒருமுறை கீறிய மரத்தைச் சில ஆண்டுகள் ஆறவிட்ட பிறகே மீண்டும் கீறுவார்கள். பலா மரத்தின் உறவான ரமோன் மரத்தின் கொட்டையைப் பொறுக்கிக் காயவைத்து மாவாக்குகிறார்கள். அதன் தழை கால்நடைக்குத் தீவனம்.

மாட்டுப் பண்ணைக்காகப் பெத்தேனின் காடு வேகமாகக் குறைந்துவரும் காலம் இது. இப்படி ஊர்மக்கள் கையில் இருக்கும் பகுதிகளில்தான் காட்டழிவு மிகக் குறைவு. பெரிய சப்போட்டா மரங்கள் அரசர் காலத்தில் தீர்ந்துபோன அதே மண்ணில், அவை இப்போது மறுபடி நிற்கின்றன.

போகிறவர்கள் கவனத்துக்கு

இந்தியாவிலிருந்து குவாத்தமாலாவுக்கு நேரடி விமானம் இல்லை. ஐரோப்பா அல்லது வட அமெரிக்கா வழியாக மாறித்தான் போக வேண்டும். குவாத்தமாலா சிட்டியிலிருந்து ஃப்ளோரெஸுக்கு விமானத்தில் ஒரு மணி நேரம். பேருந்தில் போனால் ஒரு முழுப் பகல் அல்லது இரவு. ஜனவரி முதல் ஏப்ரல் வரை பாதை காய்ந்திருக்கும், நடக்க எளிது. மழைக்காலத்தில் சேறும் கொசுவும் அதிகம், ஆனால் காடு பசுமையின் உச்சத்தில் இருக்கும். முழுக்கைச் சட்டை, நல்ல காலணி, போதிய குடிதண்ணீர் அவசியம். முழுநாளும் நடந்தால்தான் முக்கிய இடங்களையாவது பார்க்க முடியும். வழிகாட்டி வைத்துக்கொள்கிறவர்கள், கோபுரங்களோடு குளங்களையும் காட்டச் சொல்லி முன்பே பேசிக்கொள்வது நல்லது.